களவா வெளியே வந்த வெள்ளிக்கிழமை

மாரிராஜின் களவா மீன் சாப்பாட்டை விட்டு அன்றோடு ஒன்பது நாள்.

சங்கரன்கோவிலில் ராஜபாளையம் ரோட்டில், ஒரு டயர் கடைக்கும் ஜெராக்ஸ் கடைக்கும் நடுவில் இருக்கிறது அவனுடைய கலர் மீன் கடை. தகரக் கூரை போட்ட ஒற்றை அறை. பின்னாலிருந்து தறிச் சத்தம் நாள் முழுக்கக் கேட்டுக்கொண்டே இருக்கும். சுவரோடு சுவராக அடுக்கியிருக்கும் தொட்டிகளில் கோல்ட் பிஷ், கப்பி, மோலி என்று விற்பனைக்கான மீன்கள். கடைசியில் உள்ள நாலடித் தொட்டி மட்டும் விற்பனைக்கு இல்லை. அதில் இருப்பது கடல் தண்ணீர். கீழே மணலும் சிப்பியும். நடுவில் வாய் உடைந்த ஒரு மண்பானை சாய்ந்து கிடக்கும். குனிந்து பார்த்தால் பானைக்குள் முதலில் இரண்டு கண்கள் தெரியும். அப்புறம் தடித்த கீழுதடு. கடைசியாக, தேனடை மாதிரி கட்டம் கட்டமாகப் பழுப்புப் புள்ளி போட்ட ஒரு சாண் உடம்பு. கடைக்கு வரும் பிள்ளைகள் அதற்கு மொறச்சான் என்று பெயர் வைத்திருந்தார்கள். யார் பார்த்தாலும் அது திருப்பி முறைக்கும்.

அதை அவன் காசு கொடுத்து வாங்கவில்லை. நாலு வருஷத்துக்கு முன்னால், மார்க்கெட்டில் மீன் கடை வைத்திருக்கிற சைஃபுல்லா பாய் கடற்கரையிலிருந்து உயிர் நண்டு கொண்டுவந்த ட்ரம்மில், கட்டைவிரல் நீளத்துக்கு அது ஒட்டிக்கொண்டு வந்துவிட்டது. "ஏலே மாரி, ஒன் கடைக்கு ஒரு வாடகைக்காரன் கொண்டாந்திருக்கேன்" என்று பாய் ஒரு டப்பாவை நீட்டினார். மாரிராஜ் பி.எஸ்ஸி. விலங்கியல் படித்தவன். களவாவைக் கல்லூரியில் பார்த்திருக்கிறான், ஜாடிக்குள், மருந்துத் தண்ணீரில் வெளுத்துப்போய், வயிற்றில் நூல் கட்டிய பெயர்ச்சீட்டோடு. உயிரோடு ஒன்று அவனை நிமிர்ந்து பார்த்தது அன்றைக்குத்தான். அன்றிலிருந்து வாரா வாரம் பாயின் வண்டியில் அவனுக்கு இரண்டு கேன் கடல் தண்ணீர் வந்தது.

"குடிதண்ணி லாரிக்குக் கொடத்தோட நிக்கிற ஊர்ல, உப்புத்தண்ணிய வண்டி வச்சு எறக்குத ஒரே ஆளு நீதாம்லே" என்பார் டயர் கடைக்காரர்.

குருவிகுளம் பக்கத்துக் கரிசல் கிராமம் ஒன்றில் ஆடு மேய்க்கிற வீட்டில் பிறந்தவன் அவன். அந்த வீட்டில் பத்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள். பட்டம் வாங்கிய பிறகு அரசுத் தேர்வு இரண்டு தடவை எழுதினான். இரண்டு தடவையும் கொஞ்சத்தில் போயிற்று. அப்புறம்தான் இந்தக் கடை. ஊருக்குப் போனால், "படிச்சது மீனு, விக்கது மீனு, பரவாயில்லையே" என்று யாராவது சொல்வார்கள். கிண்டலா பாராட்டா என்று அவனுக்குக் கடைசிவரை தெரிந்ததில்லை. படித்ததில் எது தன்னிடம் மிச்சம் இருக்கிறது என்று யோசித்தால், அந்த நாலடித் தொட்டி ஒன்றுதான் நினைவுக்கு வரும்.

அதற்கென்று ஒரு நீள நோட்டு வைத்திருந்தான். தினமும் ஒரு வரி. தேதி, தண்ணீரின் சூடு, மீனின் நிறம், கடைசியாக 'சாப்பிட்டதா' என்று ஒரு கட்டம். சாப்பிட்டால் டிக், இல்லாவிட்டால் சுழியம். ஓரத்தில் இடமிருந்தால் பார்த்ததையும் எழுதுவான். களவா இரையைத் துரத்துவதில்லை, கடிப்பதுமில்லை. வாயைத் திறக்கிறது, அவ்வளவுதான். தண்ணீரோடு தண்ணீராக இறால் உள்ளே போய்விடுகிறது. இதைப் புரிந்துகொள்ளவே அவன் நாற்பது தடவை பார்க்க வேண்டியிருந்தது. கண் இரண்டும் தனித்தனியாகத் திரும்பும். பயந்தால் புள்ளி கறுக்கும், வயிறு நிறைந்தால் உடம்பு வெளுக்கும். வேறு யார் கையை நீட்டினாலும் பின்வாங்குவது, அவன் கை என்றால் பானை வாசல்வரை வரும். ஒருதடவை பானையைக் கழுவ எடுத்துவிட்டு, கடையில் விற்கிற நீலப் பிளாஸ்டிக் கோட்டையை உள்ளே வைத்தான். மீன் இரண்டு நாள் வெறும் மூலையில் வெளுத்துப்போய் நின்றது. பானை திரும்ப வந்ததும் வாலை முதலில் நுழைத்துப் பின்பக்கமாகவே உள்ளே போய் உட்கார்ந்துகொண்டது. கடலிலும் இப்படித்தான், ஒரு கல்லைப் பிடித்தால் வருஷக்கணக்கில் அந்தக் கல்தான் என்று புத்தகத்தில் படித்தான். யாருக்காக இதையெல்லாம் எழுதுகிறோம் என்று சில நாள் தோன்றும். ஆனாலும் மறுநாள் வரியை எழுதிவிடுவான்.

ஒன்று மட்டும் அவனுக்கு நன்றாகத் தெரியும். அது கடலுக்குப் போக வேண்டிய மீன். இரண்டாம் வருஷமே தெரியும். தீபாவளி போகட்டும், பொங்கல் போகட்டும் என்று தள்ளிக்கொண்டே வந்தான். இப்போது சித்திரை. தகரத்துக்குக் கீழே தொட்டித் தண்ணீர் சூடாகிக்கொண்டே வந்தது. ஐஸ் பையை மிதக்கவிட்டுத்தான் பகலை ஓட்டினான். நோட்டில் எட்டுச் சுழியம் வரிசையாக நின்றது.

அந்த வெள்ளிக்கிழமை காலை பாய் கேன்களோடு ஒரு பொட்டலம் உயிர் இறாலும் கொண்டுவந்தார்.

"என்னலே, இன்னைக்காவது ஒன் மொறச்சான் வாயைத் தொறந்தானா?"

மாரிராஜ் ஒரு இறாலைப் பானை வாசலில் விட்டான். அது களவாவின் மூக்குக்கு முன்னால் கால்களை ஆட்டிக்கொண்டு நின்றது. களவாவின் ஒரு கண் அதைப் பார்த்தது. இன்னொரு கண் மாரிராஜைப் பார்த்தது. வாய் திறக்கவில்லை.

"இல்ல பாய்."

"கடல்ல கொண்டு விட்டுருலே. எத்தன தடவ சொல்லுதேன்? போகையில வெறும் வண்டியாத்தான போறேன்."

"இந்த வெக்கை கொறையட்டும் பாய்."

"வெக்கை கொறைஞ்சா மழை வரட்டும்பே. எங்கிட்ட வார மீனெல்லாம் செத்ததுக. ஊர்லயே உசுரோட இருக்க கடல் மீனு ஒண்ணு. அதையும் எங்கிட்டயே அனுப்பிராத."

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். அவர் போன பிறகும் அந்தச் சொல் கடைக்குள்ளேயே நின்றது.

ஒன்பதரை மணிக்கு அம்மா கோமதித்தாய் வந்தாள். அவளுக்கு மாதத்தில் ஒரு வெள்ளிக்கிழமை கோயில் உண்டு. மினிபஸ்ஸில் வந்து, சாமி கும்பிட்டுவிட்டு, மகன் கடையில் ஒரு மணி நேரம் உட்கார்ந்து எல்லா மீனையும் திட்டிவிட்டுப் போவாள். நெற்றியில் கோயில் பிரசாதப் புற்றுமண் பூசியிருந்தாள். தொட்டிக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள்.

"சவத்து மூதி, தின்னேன். எம்புள்ளை மொகத்தப் பாரு, அவனும் திங்காம மெலிஞ்சு கெடக்கான்."

"நீ பாத்துட்டு இரும்மா, ஐஸ் வாங்கிட்டு வாரேன்" என்று மாரிராஜ் மார்க்கெட்டுக்குப் போனான்.

இருபது நிமிஷம்தான். திரும்பி வரும்போது ரோட்டிலேயே அம்மாவின் குரல் கேட்டது.

"ஏலே மாரி! ஓடியா! வெளிய வந்துட்டு! மூதி வெளிய வந்துட்டு!"

ஓடினான். தொட்டித் தண்ணீர் செவக்காட்டு மழைத்தண்ணீர் மாதிரி கலங்கி இருந்தது. காற்றுக்குமிழ் வரும் குழாய் அடைத்து நின்றிருந்தது. நாலு வருஷமாகப் பானையைவிட்டு ஒரு முழம் தள்ளிப் போகாத களவா, தொட்டியின் மேல் மூலையில், வாய் தண்ணீருக்கு வெளியே தெரிய நின்றது. செவுள் அடித்துக்கொண்டது. அம்மா கைகூப்பி நின்றாள். கண்ணில் தண்ணீர். தொட்டி விளிம்பில், கோயில் புற்றுமண் பொட்டலம் பிரிந்து கிடந்தது.

"ஒரு கைதான் போட்டேன். போட்டுட்டு தாயேன்னு கும்பிட்டேன். மேல வந்துட்டு பாத்தியா!"

ஆறு வயதில் அவன் உடம்பெல்லாம் சிரங்கு வந்தபோது இந்த மண்ணைத்தான் குழைத்துப் பூசினாள். கல்லூரிப் பரீட்சைக்குப் போன ஒவ்வொரு காலையும் ஒரு சிட்டிகையை நாக்கில் வைத்து அனுப்பினாள். அவன் வாங்கிய பட்டத்தில் பாதி இந்த மண் வாங்கியது என்பது அவள் கணக்கு. அவனுக்குக் கோபம் வந்தது. அவள் முகத்தைப் பார்த்தான். ஒன்பது நாளில் அந்தக் கடைக்குள் சந்தோஷமாக இருந்த முதல் முகம் அது.

"ஆமாம்மா. வந்துட்டு" என்றான். "கடலுக்குக் கொண்டு போயிருவோம். அந்த நீல ட்ரம்மை உருட்டிட்டு வா."

சொன்ன பிறகுதான் தான் சொன்னது அவனுக்கே கேட்டது.

காலையில் வந்த இரண்டு கேன் தண்ணீரையும் ட்ரம்மில் ஊற்றினான். கலங்கிய தொட்டிக்குள் கையை விட்டுப் பானையைத் துழாவி எடுத்து, களவாவின் பின்னால் கொண்டுபோய்ப் பிடித்தான். மூச்சுக்குத் திணறுகிற அந்த நேரத்திலும் அது வழக்கம்போல வாலை முதலில் நுழைத்துப் பானைக்குள் போயிற்று. உள்ளங்கையால் பானை வாயை மூடி, அப்படியே ட்ரம்முக்குள் இறக்கினான்.

மார்க்கெட்டில் பாய் மிச்ச மீனுக்கு ஐஸ் போட்டுக்கொண்டிருந்தார்.

"இன்னைக்கு வெள்ளிக்கிழமைலே. ஜும்மா இருக்கு" என்றார். ட்ரம்முக்குள் எட்டிப் பார்த்தார். சாக்கில் கையைத் துடைத்தார். "சரி, ஏத்து. பள்ளிவாசல் என்ன இந்த ஊர்ல மட்டுமா இருக்கு?"

ஊருக்குப் பஸ் ஏற்றிவிடுகிறேன் என்று சொல்லியும் அம்மா கேட்கவில்லை. சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு வண்டியின் பின்பக்கம் ஏறிவிட்டாள். "என்னால வெளிய வந்த உசுரு. நான் பாக்கண்டாமா?"

பேட்டரியில் ஓடும் சின்னக் காற்று மோட்டார் அவ்வளவு தண்ணீருக்குப் போதாது. தண்ணீரைச் சொம்பில் மொண்டு உயரத் தூக்கி ஊற்றிக்கொண்டே இருந்தால் காற்று கலக்கும் என்று மாரிராஜ் சொல்லிக்கொடுத்தான். அம்மா சொம்பைப் பிடுங்கிக்கொண்டாள். அவன் குனிந்து, ஒரு நிமிஷத்துக்குச் செவுள் எத்தனை தடவை திறக்கிறது என்று எண்ணினான். நூற்றுப் பத்து.

வண்டி கரிசல் காட்டுக்குள் போனது. அறுப்பு முடிந்த வயல்களில், உரத்துக்காக ஆடுகளை இரவில் அடைக்கும் கிடை போட்டிருந்தார்கள்.

"அந்தா பாரு, அந்த வேலமரத்துப் புஞ்சை. அங்கனதான் முதமுதல்ல தனியாக் கெடை காத்தேன்" என்றாள் அம்மா, சொம்பை நிறுத்தாமல்.

அவனுக்கு ஒன்பது வயதில் அப்பா பாம்பு கடித்துச் செத்துப்போனார். பொம்பளை கிடையில் படுக்கக் கூடாது, ஆடுகளை விற்றுவிடு என்று சொந்தக்காரர்கள் எல்லாரும் சொன்னார்கள். அவள் அப்பாவின் முழுக்கைச் சட்டையைச் சேலைக்கு மேல் மாட்டிக்கொண்டு, அவருடைய கம்பை எடுத்துக்கொண்டு ஆடுகளுக்குப் பின்னால் நடந்தாள். அந்தச் சட்டை கிழிந்ததும் இன்னொரு சட்டை. மாரிராஜ் படித்ததெல்லாம் அந்த நடையில்தான்.

"இது பொட்டையா, கெடாவா?"

"பொட்டைம்மா. இதுகள்ல பெரும்பாலும் மொதல்ல பொட்டைதான்."

"கெடா இல்லாம எப்படிலே குட்டி போடும்?"

"முட்டைதான் போடும். பெரிசானப்புறம் சிலது கெடாவா மாறிரும்."

சொம்பு பாதியில் நின்றது. "பொய் சொல்லாத."

"சத்தியமா. சில களவாயில, கூட்டத்துல இருக்க கெடா செத்துப்போனா, இருக்க பொட்டையில எது பெரிசோ அது மாறிரும்னு புத்தகத்துல எழுதிருக்காவ."

அம்மா தண்ணீரை மொண்டாள். ஊற்றினாள். "இதப்போயி என்னத்துக்குப் புத்தகத்துல எழுதுதாவ? ஒங்கப்பன் போனப்ப நான் மாறலையா?"

முன்னால் ஓட்டுநர் சீட்டிலிருந்து பாயின் சிரிப்புக் கேட்டது. "அக்கா, இப்பவும் நீங்க அதட்டுனா ஒரு ஊரே தொழுவுல அடையுமே!"

"நீ ரோட்டைப் பாத்து ஓட்டு. மீனை ஆட்டாத."

எட்டயபுரத்தில் பாய் தொழுகைக்குப் போனார். வண்டி பள்ளிவாசலுக்குப் பக்கத்தில் ஒரு வேப்பமர நிழலில் நின்றது. டீக்கடையில் வாங்கிய ஐஸைப் பையில் கட்டி ட்ரம்மில் மிதக்கவிட்டான் மாரிராஜ். நிமிஷத்துக்குத் தொண்ணூறு. அம்மாவின் கை மரத்துப்போனது. சொம்பை மற்றக் கைக்கு மாற்றிக்கொண்டாள். அவனிடம் கொடுக்கவில்லை.

கடற்கரையில் பாய்க்கு வழக்கமாக மீன் கொடுக்கிற மிக்கேல் வலையில் சிக்கெடுத்துக்கொண்டிருந்தார். விஷயத்தைக் கேட்டுவிட்டு ட்ரம்மை எட்டிப் பார்த்தார்.

"மீனை வாங்கிட்டுப் போறவன் வருவான். கொண்டாந்து விடுதவனை இன்னைக்குத்தான் பாக்கேன். நல்லாக் கொழம்பு வைக்கலாமேவே இது."

"ஒஞ் சட்டிய வேற மீனுக்கு வையும்" என்றாள் அம்மா.

மிக்கேல் சிரித்தபடி, ட்ரம்மையும் அம்மாவையும் மகனையும் ஏற்றிக்கொண்டு படகைத் தள்ளினார். அரை மணி நேரத் தூரத்தில் ஒரு பார் இருப்பதாகச் சொன்னார். பார் என்றால் கடலுக்கு அடியில் கிடக்கும் பாறைமேடு. ஆழம் இரண்டு பாகம்தான், இரண்டு ஆள் உயரம். களவா உண்டு என்றார். அங்கே போய்ச் சேர்ந்ததும் மாரிராஜ் உடனே மீனை இறக்கவில்லை. கடல் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாக ட்ரம்மில் கலந்து, சூடும் உப்பும் சமமாகக் காத்திருந்தான். அப்புறம் பானையின் கழுத்தில் கயிற்றைக் கட்டி மெதுவாக இறக்கினான். மிக்கேல் சங்கு குளிக்கிறவர்கள் போடும் கண்ணாடியைக் கொடுத்தார். மாரிராஜ் கிணற்றில் நீச்சல் பழகியவன். கடலில் இறங்கி, படகின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு முகத்தைத் தண்ணீருக்குள் விட்டான்.

மூன்று வருஷம் விலங்கியல் படித்தவன் பாரைப் பார்த்தது அதுதான் முதல் தடவை. கல் என்று நினைத்திருந்தான். அது கல்லாக இல்லை. மேலெல்லாம் ஏதோ அசைந்தது, திறந்தது, மூடியது. பொந்துக்குப் பொந்து ஒரு மீசையோ கண்ணோ இருந்தது. நடுவில் சங்கரன்கோவில் பானை அநாதையாக உட்கார்ந்திருந்தது. அதன் வாயில் அந்த இரண்டு கண்கள்.

மூச்சுக்கு மேலே வந்தான்.

"என்ன செய்யுது?" என்றாள் அம்மா.

"உள்ளதான் இருக்கு."

மறுபடி முகத்தை விட்டான். மறுபடி வந்தான். நாலாவது தடவை பார்த்தபோது தலை வெளியே இருந்தது. நன்றாக வெளுத்திருந்தது. ஒரு கண் மேலே திரும்பி, படகின் அடியைப் பார்த்த மாதிரி இருந்தது. அவனுக்குக் கையை நீட்ட வேண்டும்போல இருந்தது. நீட்டினால் அது பானை வாசலிலேயே நின்றுவிடும். கையை விளிம்போடு இறுக்கிப் பிடித்துக்கொண்டான். களவா முழு உடம்பும் வெளியே வந்தது. புள்ளிகள் கறுத்தன. வயிறு மணலை உரச, அவசரமே இல்லாமல், ஒரு பாறை விளிம்புக்குக் கீழே போய்த் திரும்பி உட்கார்ந்தது. அவன் கண் சிமிட்டிவிட்டுப் பார்த்தான். எது மீன், எது கல் என்று தெரியவில்லை.

கண்ணாடியைக் கழற்றாமலே படகில் ஏறிக் கயிற்றை இழுத்தான். பானை லேசாக வந்தது.

"தின்னுச்சா?"

"தெரியலம்மா. போயிட்டு."

வண்டியில் திரும்பும்போது அம்மாவும் மகனும் காலி ட்ரம்முக்கு இரண்டு பக்கமும் உட்கார்ந்திருந்தார்கள். பானை அம்மாவின் மடியில் இருந்தது. கோவில்பட்டி தாண்டியதும் அவள் கேட்டாள்.

"காலைல அது மூச்சுக்குத்தான மேல வந்துச்சு?"

அவன் காலி ட்ரம்முக்குள் பார்த்தான். அப்புறம், "ஆமா" என்றான்.

"வயிறு உப்பி, வாயைப் பொளந்துக்கிட்டு நிக்க ஆட்டை எத்தன பாத்திருக்கேன். வண்டி ஏறி ஒக்காந்து, நீ செவுளை எண்ணையிலேயே தெரிஞ்சுபோச்சு."

"பெறகு ஏம்மா ஒண்ணும் கேக்கல?"

"நீ திட்டல. புள்ள மறைக்குதான், மறைச்சுக்கிடட்டும்னு தண்ணிய ஊத்துனேன்." அவள் பானையின் உடைந்த வாயை விரலால் தடவினாள். "நான் கொல்லப் பாத்தேன் அத."

"இல்லம்மா" என்றான். வேகமாகச் சொல்லிவிட்டான். சொன்ன பிறகு மெதுவாகச் சொல்ல வேண்டியிருந்தது. "நீ அத போடலேன்னா நான் இன்னும் வச்சிருப்பேன். மழை வரட்டும்னு சொல்லிருப்பேன். எனக்குத்தான் அது வேண்டியிருந்துச்சு. பானைக்குள்ளயே செத்திருக்கும், நான் நோட்டுல எழுதிக்கிட்டு இருந்திருப்பேன்."

அம்மா முந்தி முடிச்சை அவிழ்த்தாள். காலைப் பொட்டலத்தின் மிச்சம் அதில் இருந்தது. ஒரு சிட்டிகை எடுத்து, உப்புக் காய்ந்து வெளுத்திருந்த அவன் நெற்றியில் பூசினாள். மீதியைக் கட்டி முடிந்துகொண்டாள்.

"ஊருக்கு வந்து ரெண்டு வாய் சோறு தின்னுட்டுப் போ" என்றாள். "நீயும் ஒம்பது நாளா என்னத்தத் தின்ன?"

மறுநாள் காலை கடையைத் திறந்து, கலங்கிய தொட்டியைக் காலி செய்து கழுவிக் கவிழ்த்தான். பானையைக் கல்லாப்பெட்டிமேல் வைத்தான். நோட்டை எடுத்து முந்தின நாளின் வரியை எழுதினான். வெள்ளி. கடல் தண்ணீர், சூடு அளக்கவில்லை. நிறம், கல்லின் நிறம். கடைசிக் கட்டத்துக்கு வந்தான். சுழியம் போடப் பேனாவைக் கொண்டுபோனான். போட மனம் வரவில்லை. டிக் போடவும் முடியாது, அவன் பார்க்கவில்லை. கட்டத்தை அப்படியே வெறுமையாக விட்டு நோட்டை மூடினான்.